மகமையும் மணிமுடியும்

உலகின் எந்த அரசும் ஏற்காத நிலையில், ஒரு தனிமனிதரோ சிறு குழுவோ தமது பண்ணையையோ வீட்டையோ கடலில் கைவிடப்பட்ட மேடையையோ இறையாண்மை பெற்ற நாடென்று தாமே அறிவித்து, கொடியும் நாணயமும் கடவுச்சீட்டும் வெளியிடும்போது அந்த அமைப்பு குறுநாடு எனப்படுகிறது. இங்கிலாந்தின் சஃபோக் கடற்கரைக்கு அப்பால், இரண்டாம் உலகப் போரின்போது எழுப்பப்பட்டுப் பின்னர் கைவிடப்பட்ட கடற்கோட்டை ஒன்றில் குடியேறிய பேடி ராய் பேட்ஸ் 1967 செப்டம்பர் 2 அன்று அதைச் சீலாந்து என்ற நாடாக அறிவித்துத் தம்மை இளவரசர் என்று அழைத்துக்கொண்டார். மேற்கு ஆஸ்திரேலியாவில் கோதுமை விற்பனைக்கு அரசு விதித்த உச்சவரம்பை எதிர்த்த விவசாயி லியோனார்டு காஸ்லி, 1970 ஏப்ரல் 21 அன்று தம் பண்ணையை ஹட் ரிவர் என்ற தனிநாடாக்கினார். ஐம்பது ஆண்டுகள் நீடித்த அந்த நாடு, கட்ட மறுத்த வரியின் பாக்கி முப்பது லட்சம் ஆஸ்திரேலிய டாலரை எட்டிய பின், காஸ்லியும் மறைந்துவிட்ட நிலையில், 2020 ஆகஸ்டில் கலைக்கப்பட்டது.

ஒரு நாடு நாடாக மதிக்கப்பட நிலையான மக்கள்தொகை, வரையறுத்த நிலப்பரப்பு, அரசாங்கம், பிற நாடுகளோடு உறவு கொள்ளும் திறன் ஆகிய நான்கும் வேண்டும் என்று 1933ஆம் ஆண்டின் மான்டெவிடியோ உடன்படிக்கை வகுத்தது. குறுநாட்டு நிறுவனர்கள் பெரும்பாலும் இந்த வரையறையை மேற்கோள் காட்டியே தம் உரிமையை நிலைநாட்ட முயல்கின்றனர். எனினும் அந்த நான்கினுள் சொல்லப்படாமல் அடங்கியிருக்கும் ஒன்றை அவர்கள் எளிதில் கடந்துவிடுகின்றனர். மனமொப்பியோ மனமில்லாமலோ வரி செலுத்தும் குடிகளும், தீர்ப்புக்குக் கட்டுப்படும் வழக்காளிகளும் இல்லாத இடத்தில் அரசாங்கம் என்ற சொல்லுக்குப் பொருள் இல்லை.

தமிழ்நாட்டில் பிறந்தவர் நிறுவிய குறுநாடாக இன்று உலகம் அறிந்திருப்பது கைலாசா. திருவண்ணாமலையில் பிறந்து, பெங்களூருக்கு அருகிலுள்ள பிடதியில் ஆசிரமம் அமைத்த நித்யானந்தா, 2012 ஏப்ரலில் மதுரை ஆதீனத்தின் 293ஆவது பட்டத்துக்குரிய இளைய மடாதிபதியாக அறிவிக்கப்பட்டு, எதிர்ப்பு வலுத்ததும் அதே ஆண்டு அக்டோபரில் அப்பொறுப்பிலிருந்து நீக்கப்பட்டார். பாலியல் வன்கொடுமை வழக்கு நிலுவையில் இருக்கையில் 2019இல் இந்தியாவை விட்டு வெளியேறிய அவர், அவ்வாண்டின் இறுதியில் இந்துக்களுக்கான தனிநாடாகக் கைலாசாவை அறிவித்தார். ஈக்குவடார் அவருக்கு அடைக்கலம் தந்ததாகப் பேச்சு எழுந்தபோது அந்நாட்டு அரசு அதை மறுத்தது. 2020 ஆகஸ்டில், விநாயகர் சதுர்த்தியன்று, கைலாசாவின் ரிசர்வ் வங்கியும் அதன் நாணயமும் அறிமுகமாயின. 2023 தொடக்கத்தில் அமெரிக்காவின் நியூவார்க் நகரம் கைலாசாவோடு செய்துகொண்ட சகோதர நகர ஒப்பந்தத்தை, எதிர்த்தரப்பில் நாடே இல்லை என்று தெரிந்ததும் ரத்து செய்தது. அதே ஆண்டு பிப்ரவரியில் ஜெனீவாவில் ஐக்கிய நாடுகள் அவையின் குழு ஒன்றின் திறந்த கூட்டத்தில் கைலாசாவின் பிரதிநிதிகள் பேசியதை, கூட்டப் பொருளுக்குத் தொடர்பற்றது என்று அக்குழு ஒதுக்கிவிட்டது. கொடி, வங்கி, தூதர், கடவுச்சீட்டு என ஓர் அரசின் புறச்சின்னங்கள் அனைத்தும் கைலாசாவுக்கு இருந்தன; நிலம் எங்கே என்ற கேள்விக்கு மட்டும் தெளிவான விடை கிடைக்கவில்லை.

விருதுநகர் வட்டாரத்தின் கடந்த காலம் இதற்கு நேர் எதிரான ஒன்றைக் காட்டுகிறது. சிவகாசி, விருதுநகர், அருப்புக்கோட்டை ஆகிய ஊர்களில் எவரும் தனிநாடு கோரவில்லை; கொடி ஏற்றவில்லை. ஆனால் அவ்வூர்களில் குடியேறிய நாடார் வணிகர்கள் பத்தொன்பதாம் நூற்றாண்டில் வரி வசூலித்தனர், வழக்குத் தீர்த்தனர், அபராதம் விதித்தனர், பள்ளியும் கிணறும் கோயிலும் சந்தையும் நடத்தினர். சென்னை மாகாண அரசு அந்தக் கரிசல் மண்ணில் வரி தண்டவும் கலகம் அடக்கவும் மட்டுமே கண்ணில் பட்ட காலத்தில், அன்றாட ஆட்சி என்று சொல்லத்தக்கதை நடத்தியது உறவின்முறை என்ற அமைப்பே.

இவ்வணிகர்களின் மூலம் தென்கோடியிலுள்ள தேரி நிலம். தேரி என்பது திருச்செந்தூர்ப் பக்கம் பரந்து கிடக்கும் செம்மணற்காடு. அங்கே பனையைத் தவிரப் பெரிதாக எதுவும் விளைவதில்லை. கருப்பட்டியும் கருவாடும் உப்பும் புகையிலையும் ஏற்றிய மாட்டுவண்டிகளோடு வடக்கே மதுரையை நோக்கி வந்தவர்களுக்கு வழியில் கள்வர் பயமும் மறவர் பாளையங்களின் கெடுபிடியும் இருந்ததால், வண்டிகள் கூட்டமாகவே சென்றன. இரவு தங்குவதற்கென அவர்கள் வழித்தடத்தில் எழுப்பிய மதில் சூழ்ந்த வளாகம் பேட்டை எனப்பட்டது. மாடு கட்டவும் சரக்கு இறக்கவும் காவல் வைக்கவும் கிணறு வெட்டவும் இடம் கொண்ட பேட்டை, காலப்போக்கில் கடைத்தெருவாகி, கடைத்தெரு குடியிருப்பாகி, குடியிருப்பு ஊரானது. சிவகாசி, விருதுபட்டி (இன்றைய விருதுநகர்), திருமங்கலம், சாத்தங்குடி, பாலையம்பட்டி, அருப்புக்கோட்டை ஆகியவற்றை இராமநாதபுரத்து ஆறு ஊர்கள் என்று ஆய்வாளர்கள் குறிப்பிடுகின்றனர். நாடார் சமூக வரலாற்றை விரிவாக ஆராய்ந்து 1969இல் நூலாக்கிய அமெரிக்க அறிஞர் ராபர்ட் ஹார்ட்கிரேவ், தெற்கே சிதறிக் கிடந்த பனையேறிகளுக்கு இல்லாத ஒற்றுமை இந்த ஊர்களில் எப்படி உருவானது என்பதற்கு முதன்மையான விடையாகக் கண்டதும் பேட்டையையும் அதன் பொதுநிதியையுமே.

அந்தப் பொதுநிதிக்கு மகமை என்று பெயர். பேட்டைக்குள் நுழையும் சரக்கில் மூட்டைக்கு இவ்வளவு என்று ஒரு சிறு தொகை பிடித்துவைக்கப்படும். மூட்டையை இறக்கும்போதே எண்ணிப் பேரேட்டில் மகமைக் கணக்கில் வரவு வைத்துவிடுவர். கொள்முதலிலும் விற்பனையிலும் இது பொருந்தியதால், பட்டியலில் கூலி, தரகு என்பவற்றுக்குக் கீழே மகமை என்றும் ஒரு வரி எழுதப்பட்டது. வரி செலுத்துபவரின் வருமானத்தைத் துருவிக் கேட்காமல், சரக்கு நகரும் இடத்திலேயே, சரக்கின் அளவுக்கேற்பப் பிடிக்கும் இந்த முறையில் ஏய்ப்புக்கு அதிக இடமில்லை. தராசின் ஒரு பக்கம் இருப்பவரும் மறுபக்கம் இருப்பவரும் ஒரே உறவின்முறையைச் சேர்ந்தவர்களாதலால், ஒருவர் மறைத்தால் அடுத்தவர் கணக்கில் அது வெளிப்பட்டுவிடும். பிற்கால அரசுகள் விற்பனை வரிக்கெனப் பெரிய அலுவலகங்களை அமைத்துச் செய்ய முயன்றதை இவ்வணிகர்கள் ஒரு பேரேட்டோடு முடித்துக்கொண்டனர் என்பது மிகைப்பட்ட கூற்று ஆகாது.

மகமையை நிர்வகித்த உறவின்முறை என்பது ஓர் ஊரின் நாடார் குடும்பத் தலைவர்கள் எல்லோரும் உறுப்பினராகும் அவை. திருமணமாகித் தனிக்குடும்பம் ஆனவரைத் தலைக்கட்டு என்று கணக்கிட்டு, ஒவ்வொரு தலைக்கட்டுக்கும் உரிமையும் கடமையும் வகுக்கப்பட்டன. கடன் தகராறு, பாகப்பிரிவினை, எல்லைச்சுவர், திருமணப் பிணக்கு என எதுவானாலும் முதலில் உறவின்முறையில் முறையிட வேண்டும். அதை விடுத்து அரசு நீதிமன்றத்துக்கு நேரே செல்பவர் கண்டிக்கப்பட்டார். தீர்ப்பை ஏற்காதவருக்கு அபராதம். அபராதமும் கட்டாதவருக்குத் தள்ளிவைப்பு. தள்ளிவைக்கப்பட்டவர் வீட்டு நன்மை தீமைக்கு எவரும் போகார். அவரோடு கொடுக்கல் வாங்கல் வைக்கார். வணிகமே வாழ்வாக இருந்த ஊரில், கடனுக்குச் சரக்கு கிடைக்காமல் போவது சிறைத்தண்டனையைக் காட்டிலும் கடுமையானது. படையும் காவலரும் இல்லாத இந்த ஆட்சி தன் கட்டளையை நிறைவேற்றிக்கொண்டது இவ்வாறுதான்.

இதற்கு நிறுவனர் என்று ஒருவரைச் சுட்ட இயலாது என்பது கவனிக்கத்தக்கது. பொறுப்பை முறை வைத்து ஏற்றவர்கள் முறைகாரர் எனப்பட்டனர். வரவு செலவை அவை முன் வாசித்து ஒப்படைத்துவிட்டு அடுத்தவருக்கு வழிவிட வேண்டும். செல்வம் மிகுந்தவரின் குரல் அவையில் ஓங்கி ஒலித்திருக்கும் என்பதில் ஐயமில்லை. வணிகர் அவையில் அது இயல்பே. ஆயினும் பேட்ஸும் காஸ்லியும் தம் பிள்ளைகளுக்குப் பட்டம் சூட்டி நாட்டை விட்டுச் சென்றதைப்போல, மகமைப் பெட்டியின் சாவியை எவரும் தம் வாரிசுக்கு எழுதிவைக்க முடியவில்லை.

மகமை எதற்குச் செலவிடப்பட்டது என்பதே இந்த அமைப்பின் தரத்தைக் காட்டும். தொடக்கத்தில் பேட்டையின் பராமரிப்புக்கும் கோயில் திருவிழாவுக்கும் சென்ற பணம், பத்தொன்பதாம் நூற்றாண்டின் கடைசிப் பகுதியில் கல்வியின் பக்கம் திரும்பியது. 1885இல் கமுதியிலும் 1889இல் விருதுபட்டியிலும் சத்திரிய வித்தியாசாலை என்ற பெயரில் பள்ளிகள் எழுந்தன. மகமை கடைக்காரரின் பங்கு என்றால், வீட்டுப் பெண்களின் பங்காகப் பிடியரிசி இருந்தது. உலையில் போட அரிசி அளக்கும்போது ஒரு பிடியை எடுத்துத் தனிக் கலயத்தில் போட்டுவைப்பர். சேர்ந்த அரிசியை வீடு வீடாக வந்து பெற்றுச் சென்று விற்று, அந்தப் பணத்தில் பள்ளியை நடத்தினர். அவையில் இடமில்லாத பெண்கள் இந்த ஆட்சிக்குச் செலுத்திய வரி இது. வரி செலுத்தியும் வாக்கு இல்லாத நிலை அக்கால இங்கிலாந்திலும் இருந்தது. 1903 ஜூலை 15 அன்று விருதுபட்டியில் பிறந்த காமராசர், ஏனாதி நாராயண வித்தியாசாலையில் எழுத்தறிந்து, பின் சத்திரிய வித்தியாசாலையில் சில ஆண்டுகள் படித்தார். முதலமைச்சராகப் பின்னாளில் அவர் விரிவுபடுத்திய மதிய உணவுத் திட்டத்துக்குப் பொதுமக்களிடம் அரிசியும் பணமும் திரட்டப்பட்டதைக் காணும்போது, பிடியரிசிக் கலயத்தின் நினைவு அவருக்கு இருந்திருக்கக்கூடும் என்று எண்ணத் தோன்றுகிறது.

பள்ளியின் பெயரிலுள்ள சத்திரிய என்ற சொல்லில்தான் இந்தச் சமூகத்தின் அறிவிப்பு அடங்கியிருந்தது. நிலத்தை நாடாக அறிவிக்காத அவர்கள், தம்மைப் பாண்டியர் வழிவந்த அரச குலத்தார் என்று அறிவித்தனர். பொருள் வளம் பெற்றும் கோயில் வாசலில் தடுக்கப்பட்டவர்கள், பல்லக்கில் மணமகனை ஏற்றி ஊர்வலம் வந்தால் தாக்கப்பட்டவர்கள், தம் தகுதிக்கு ஒரு பழம்பெருமையைத் தேடியது புரிந்துகொள்ளத்தக்கதே. 1897 மே மாதம் கமுதியிலுள்ள மீனாட்சி சுந்தரேசுவரர் கோயிலுக்குள் நாடார்கள் நுழைந்தனர். கோயிலின் பரம்பரை அறங்காவலரான இராமநாதபுரம் அரசர் பாஸ்கர சேதுபதி தொடுத்த வழக்கு மதுரை நீதிமன்றத்திலிருந்து சென்னை உயர்நீதிமன்றத்துக்கும், அங்கிருந்து இலண்டனிலிருந்த பிரிவி கவுன்சிலுக்கும் சென்றது. பிரிட்டிஷ் ஆட்சிப் பகுதிகளுக்கு இறுதி முறையீட்டு மன்றமாக விளங்கிய அந்த அவை 1908இல் நாடார்களின் கோரிக்கையை நிராகரித்தது. வழக்கு நடந்துகொண்டிருந்த காலத்தில், 1899 ஜூன் 6 அன்று, சிவகாசியைப் பெருங்கும்பல் ஒன்று தாக்கியது. நூற்றுக்கணக்கான வீடுகள் எரிந்தன. இருதரப்பிலும் உயிர்கள் போயின. சிவகாசிக் கொள்ளை என்று இன்றும் பேசப்படும் அந்தக் கலவரம் திருநெல்வேலிச் சீமை முழுதும் பரவியது.

அங்கீகாரம் மறுக்கப்பட்ட குறுநாட்டு நிறுவனர்கள் பெரும்பாலும் அறிவிப்பை மேலும் உரக்கச் சொல்வதோடு நின்றுவிடுகின்றனர். பிரிவி கவுன்சிலில் தோற்ற நாடார்கள் வேறு வழியில் சென்றனர். 1910இல் நாடார் மகாஜன சங்கம் தோன்றியது. ஊர் அளவில் இயங்கிய உறவின்முறைகளை மாகாண அளவில் இணைத்த அச்சங்கம், படிப்புக்குக் கடன் கொடுத்தது, மாநாடு கூட்டியது, அரசுக்கு மனு எழுதியது. 1921இல், அச்சமூகத்தார் இழிவாகக் கருதிய பழைய சாதிப்பெயரை ஆவணங்களிலிருந்து விலக்கி, நாடார் என்ற பெயரையே இனி எழுதுவது என்று சென்னை அரசு ஆணையிட்டது. அதே 1921இல் தூத்துக்குடியில் நாடார் வங்கி தொடங்கப்பட்டது. 1962இல் தமிழ்நாடு மெர்க்கன்டைல் வங்கி என்று பெயர் மாற்றிக்கொண்டு இன்றும் நடந்துவருகிறது. கைலாசாவின் ரிசர்வ் வங்கியில் கணக்கு வைத்திருப்பவரைக் கண்டுபிடிப்பது கடினம். நாடார் வங்கிக்கோ, பெயர்ப்பலகை மாட்டுவதற்கு முன்பே பேட்டைகளிலும் கடைத்தெருக்களிலும் ஒருவர் சொல்லை நம்பி மற்றவர் கடன் கொடுத்த பழக்கம் தலைமுறைகளாக முதலாக இருந்தது.

சிவகாசியின் தொழில்கள் முளைத்ததும் இந்த நம்பிக்கையின் மேல்தான். மழை பொய்க்கும் பூமி. விவசாயத்தை நம்பிப் பயனில்லை. ஒன்றுவிட்ட சகோதரர்களான அய்ய நாடாரும் சண்முக நாடாரும் 1922இல் கல்கத்தாவுக்குச் சென்று தீப்பெட்டித் தொழிலைக் கற்று, மறு ஆண்டு ஊர் திரும்பித் தொழிலைத் தொடங்கினர். வறண்ட காற்று தீக்குச்சி உலர உதவியது. வேலையற்ற கைகள் ஏராளமாக இருந்தன. தீப்பெட்டிக்கு லேபிள் வேண்டியிருந்ததால் அச்சகம் வந்தது. ரசாயனமும் அட்டையும் ஆட்களும் கைவசம் இருந்ததால் பட்டாசு வந்தது. ஒரே தெருவில் போட்டியாளர்களாக இருந்த முதலாளிகள், ஊர்ப் பள்ளிக்கும் கோயிலுக்கும் ஒரே பெட்டியில் பணம் போட்டனர். சிவகாசி இந்து நாடார்கள் விக்டோரியா பள்ளி, விருதுநகரில் 1947இல் தொடங்கிய இந்து நாடார்கள் செந்திக்குமார நாடார் கல்லூரி ஆகியவற்றின் நீண்ட பெயர்களே அவற்றை நடத்தியவர் யாரென்று சொல்லிவிடும்.

இந்த ஆட்சிக்கு இருண்ட பக்கமும் உண்டு. அதை மறைத்துப் புகழ்வது வரலாறு ஆகாது. உறவின்முறை ஒரே சாதியின் அவை. அதே ஊரில் வாழ்ந்த பிற சாதியாரும், எல்லோருக்கும் கீழாக வைக்கப்பட்ட தாழ்த்தப்பட்ட மக்களும் அதன் குடிகள் அல்லர். கோயில் வாசலில் தமக்கு இழைக்கப்பட்டதை எதிர்த்தவர்கள், தமக்குக் கீழே நிறுத்தப்பட்டவர்களின் வழக்கைத் தொடக்கத்தில் தம் வழக்காகக் கருதவில்லை. தள்ளிவைப்பு என்னும் ஆயுதம், அவைக்கு அடங்காதவரையும் சாதி கடந்து மணந்தவரையும் ஒருசேரத் தாக்கக்கூடியது. தீப்பெட்டி ஆலைகளில் பிஞ்சுக் கைகள் வேலை செய்த பல பத்தாண்டுகளில், பள்ளி கட்டிய அதே சமூகத்தின் செல்வர் பலர் அதைக் குறையாக எண்ணவில்லை. எனினும் மாற்றம் உள்ளிருந்தும் வந்தது. சாதி ஏற்றத்தாழ்வை எதிர்த்த சுயமரியாதை இயக்கத்தின் மூன்றாவது மாகாண மாநாடு 1931இல் விருதுநகரில் நடந்தது. 1939 ஜூலை 8 அன்று, கோயில் நுழைவுக்காகப் போராடிய அ. வைத்தியநாத ஐயர் மதுரை மீனாட்சி அம்மன் கோயிலுக்குள் அழைத்துச் சென்ற தாழ்த்தப்பட்ட தோழர்களோடு, விருதுநகரைச் சேர்ந்த எஸ். எஸ். சண்முக நாடாரும் இருந்தார். கமுதியில் தனியாகப் போராடித் தோற்றவர்களின் சமூகத்தார் ஒருவர், மற்றவர்களோடு சேர்ந்து நுழைந்தபோதுதான் அந்தக் கதவு திறந்தது.

நகராட்சியும் நீதிமன்றமும் அரசுப் பள்ளியும் பெருகப் பெருக, உறவின்முறையின் ஆட்சிப் பணிகள் ஒவ்வொன்றாக அரசின் கைக்குச் சென்றன. விருதுபட்டி 1923இல் விருதுநகர் ஆயிற்று. இராமநாதபுரம் மாவட்டத்திலிருந்து 1985இல் பிரிந்து தனி மாவட்டத்தின் தலைநகராயிற்று. பருப்பும் மல்லியும் வத்தலும் எண்ணெயும் விளையாத ஊரில் அவற்றின் விலை முடிவாகி, விருதுநகர் மார்க்கெட் நிலவரம் என்று நாளிதழ்களில் வருவது இன்னும் நிற்கவில்லை. பங்குனிப் பொங்கலின்போது பராசக்தி மாரியம்மன் கோயிலைச் சுற்றி ஊரே திரளும் ஏற்பாடுகளில் உறவின்முறையின் கை இன்றும் தெரிகிறது. வழக்குத் தீர்க்கும் அதிகாரம் போயிற்று. கல்லூரியும் பள்ளியும் கோயிலும் நடத்தும் பொறுப்பு எஞ்சியது.

ஓர் அரசின் பெயருக்காக உயிர் விட்டவரும் இந்த ஊர்க்காரரே. காந்தியவாதியும் விடுதலைப் போராட்ட வீரருமான சங்கரலிங்கனார், சென்னை மாநிலத்துக்குத் தமிழ்நாடு என்று பெயர் சூட்டுவது உள்ளிட்ட பன்னிரண்டு கோரிக்கைகளை முன்வைத்து, 1956 ஜூலை 27 அன்று விருதுநகரில் உண்ணாநோன்பைத் தொடங்கினார். புதிய நாட்டைத் தாமே அறிவிக்கும் எளிய வழி அவருக்குத் தேவைப்படவில்லை. இருக்கும் அரசு தன் மக்களின் பெயரைத் தானே ஏற்க வேண்டும் என்பதே அவர் கேட்டது. அப்போது முதலமைச்சராக இருந்தவர் அதே ஊரில் பிறந்த காமராசர். தலைவர்கள் பலர் வந்து வேண்டியும் நோன்பைக் கைவிடாத சங்கரலிங்கனார், அக்டோபர் 13 அன்று மதுரை மருத்துவமனையில் இறந்தார். பெயர் மாற்றத் தீர்மானம் அண்ணாதுரையின் ஆட்சியில் 1967 ஜூலை 18 அன்று சட்டமன்றத்தில் நிறைவேறி, 1969 ஜனவரி 14 அன்று நடைமுறைக்கு வந்தது.